தொட்டிலை மோந்து பார்த்த மாமா

எங்கள் சந்துக்குப் புதிதாக ஒரு நாற்காலி வந்தால், அதில் முதலில் உட்காருவது மாமாவின் மூக்குதான்.

கடலூர் மஞ்சக்குப்பத்தில் இருந்தது அந்தச் சந்து. ஏழு வீடு, ஒரு குழாய். மூன்றாவது வீடு என் மாமியார் வீடு, நான்காவது மாமா வீடு. மாமா என்றால் எனக்குச் சொந்தமில்லை. சந்தில் எல்லோருக்குமே அவர் மாமாதான். அவருடைய ஆபீசரே ஒருநாள் சைக்கிளில் வந்து, "மாமா இருக்காரா?" என்று கேட்டாராம். பெயர் என்று ஒன்று இருந்திருக்கும். நான் கேட்டுக்கொள்ளவில்லை. அந்த வயதில் நான் யாரிடமும் எதையும் கேட்கிறவள் இல்லை.

மோந்து பார்ப்பதற்கு அவர் ஒரு முறை வைத்திருந்தார். முதலில் செருப்பைக் கழற்றுவார். கண்ணாடியைக் கழற்றிச் சட்டைப் பையில் போடுவார். இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு, கொக்கு தண்ணீருக்குள் பார்க்கிற மாதிரி இடுப்போடு குனிவார். மரத்துக்கும் மூக்குக்கும் நடுவே ஓர் அரிசி போகிற இடம்தான் இருக்கும். கண்ணை மூடி ஒரு இழுப்பு இழுப்பார். நிமிர்ந்து ஒரே வார்த்தை சொல்வார்.

"தார்."

அல்லது, "வார்னீஷ்."

அல்லது, முகமெல்லாம் மலர்ந்து, "வேப்பெண்ணெய்!"

சிதம்பரம் போகிற பஸ்ஸில் மரப்பலகை சீட்டு இருந்த காலம். மாமா ஏறினால் சீட்டை மோந்து பார்க்காமல் உட்கார மாட்டார். ஒரு கண்டக்டர் பொறுக்க முடியாமல், "யோவ் பெரியவரே, சீட்டுல உக்காரப் போறியா, முத்தம் குடுக்கப் போறியா?" என்று கேட்டிருக்கிறார். மாமா அமைதியாக, "கெரசின். உக்காரலாம்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தாராம்.

ஒரு கல்யாணத்தில் தாலி கட்டுகிற நேரத்தில், "மாப்ள, ஒரு நிமிஷம் எந்திரிங்க" என்று மாப்பிள்ளையை எழுப்பி, மணைப்பலகையை மோந்து பார்த்திருக்கிறார். மேளக்காரர் கெட்டிமேளம் என்று நினைத்து ஆரம்பித்துவிட்டு, பிறகு நிறுத்தினாராம். "விளக்கெண்ணெய். கட்டுங்க தாலிய" என்று மாமா உத்தரவு கொடுத்த பிறகுதான் கல்யாணம் நடந்தது. அந்தப் பெண்ணுக்குப் பிற்பாடு மூன்று பிள்ளைகள். மாமா அதற்கும் தானே காரணம் என்பது போலப் பேசுவார்.

நான் அவரை முதலில் பார்த்ததே குனிந்த நிலையில்தான். சிதம்பரத்திலிருந்து கல்யாணமாகி வந்த அன்று என் அம்மா வீட்டுப் பழைய கட்டிலை வண்டியிலிருந்து இறக்கினார்கள். தலைகுனிந்து நின்ற எனக்கு ஒரு வேட்டியும், முதுகில் கட்டிய இரண்டு கையும் தெரிந்தன. என் கட்டிலை யாரோ ஒருவர் கால்மாட்டிலிருந்து தலைமாடு வரைக்கும் மோந்துகொண்டு போகிறார். எனக்கு அழுகை வந்துவிட்டது. அவர் நிமிர்ந்து என் மாமியாரிடம் சொன்னார்:

"வேப்பெண்ணெய். நல்ல குடும்பம்."

என் மாமியாருக்கு அந்த மூன்று வார்த்தையில் இருந்த நம்பிக்கை, அதற்கு முன் பார்த்த ஜாதகத்தில் இருந்ததில்லை.

ஏன் இப்படி என்று கேட்டால், அவருடைய உத்தியோகம் அப்படி. சர்க்கார் ஆபீசில், விஷச் சரக்கு விற்கிற கடைகளுக்கு லைசென்ஸ் கொடுக்கிற பிரிவில் அவர் கிளார்க். பாஷாணம் என்று ஒன்று உண்டு. வெள்ளையாக, மாவு மாதிரி இருக்கும். எலிக்கு வைப்பார்கள். ஆசாரிகள் அதைக் கரைத்து மரத்தில் பூசுவார்கள். அதற்குப் பிறகு கரையானும் வராது, மரத்துக்குள் இருக்கிற உளுப் பூச்சியும் பிழைக்காது. அதை விற்க லைசென்ஸ் வேண்டும். பூட்டுப் போட்ட பெட்டியில் வைக்க வேண்டும். மேலே சிவப்பு எழுத்தில் விஷம் என்று ஒட்ட வேண்டும். வாங்குகிறவர் பேர், ஊர், எதற்கு வாங்குகிறார் எல்லாவற்றையும் கடைக்காரர் ஒரு நோட்டில் எழுதிக் கையெழுத்து வாங்க வேண்டும். கடலூரிலும் சிதம்பரத்திலும் அந்த நோட்டுகளைப் பார்த்து வருவது மாமாவின் வேலை.

ஒரு நோட்டில் எதற்கு என்ற இடத்தில் ஒருவர், "மாமியாருக்கு" என்று எழுதியிருந்தார்.

ஊர் செம்மங்குப்பம் என்று போட்டிருந்தது. மாமா ஆபீசில் சொல்லிக்கொள்ளாமல் சைக்கிளை மிதித்துக்கொண்டு வெயிலில் போய்விட்டார். அங்கே அந்த மாமியார் வாசலில் உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"நல்லா இருக்கீங்களாம்மா?"

"இருக்கேன். நீ யாருய்யா?"

"சர்க்காருலேர்ந்து வர்றேன். நீங்க நல்லா இருக்கீங்களான்னு பாக்க."

"சர்க்காருக்கு என்மேல இன்னாய்யா திடீர்னு அக்கற?"

மாமியார் வீட்டு நெல் குதிருக்கு எலி வந்து, அதற்குத்தான் மருமகன் வாங்கிக் கொடுத்திருந்தார். மாமா எலியை மோந்து பார்க்காத குறையாக விசாரித்துவிட்டுத் திரும்பினார். அந்த அம்மாளோ, சர்க்காரே ஆள் அனுப்பித் தன் உடம்பைக் கேட்டது என்று ஊரெல்லாம் சொல்லிவிட்டார். அடுத்த மாசம் பஸ் ஏறி ஆபீசுக்கே வந்து, "இந்த மாசம் யாரும் வரலியே, மறந்துட்டீங்களா?" என்று கேட்டாராம்.

மாமா சொல்லுவார்: "சட்டம் கடை வாசலோட நின்னுடுதும்மா. நோட்டுல எழுதுனானா, கையெழுத்து போட்டானா, அவ்வளவுதான். வாங்கிட்டுப் போயி எங்க பூசுறான்? கதவுலயா, கட்டில்லயா, கரண்டிலயா? அதுக்கு ஒரு ரூலும் இல்ல. கட வாசலுக்கு அப்பால என் மூக்குதான் போவணும்."

ஆனால் இதில் ஒரு சங்கடம் இருந்தது. பாஷாணத்துக்கு மணமே கிடையாது. என் வீட்டுக்காரர் ஒருநாள் இதைக் கேட்டுவிட்டார்.

"மணக்காததை மோந்து எப்படி மாமா கண்டுபுடிப்பீங்க?"

"அதாண்டா விஷயம். மரம் நாறுச்சின்னா எனக்குச் சந்தோஷம். வேற ஏதோ பூசிட்டான், பாஷாணத்துக்கு அங்க வேல இல்ல. தார் நாறும், நாம தூரப் போயிடுவோம். இது நாறாது. நம்ம கூடவே படுத்துக்கும். நாறாத மரத்தப் பாத்தாதான் எனக்கு ராத்திரித் தூக்கம் வராது."

ஆகவே எங்கள் சந்து நாற வேண்டும் என்பதில் அவர் குறியாக இருந்தார். ஒவ்வொரு கோடையிலும் ஒரு தகர டப்பாவும் தேங்காய் மட்டையும் எடுத்துக்கொண்டு, ஏழு வீட்டுக் கதவு, நிலை, ஜன்னல் எல்லாவற்றுக்கும் அவரே வேப்பெண்ணெய் அடிப்பார். பத்து நாளைக்கு எங்கள் சந்துக்குள் பால்காரர் வர மாட்டார், சந்து முனையில் நின்று மணி அடிப்பார். தபால்காரர் மூக்கைப் பிடித்துக்கொண்டு வருவதால் ஒரு கைதான் இருக்கும், கடிதங்களைக் கீழே போட்டுவிடுவார். பெண் பார்க்க வந்தவர்கள் இரண்டாம் வீட்டு வாசலோடு திரும்பிப் போனதும் நடந்தது. அந்தப் பெண்ணுக்கே அந்த மாப்பிள்ளையைப் பிடிக்கவில்லை என்பதால் அவள் மாமாவுக்கு ரகசியமாக அதிரசம் கொடுத்து அனுப்பினாள்.

வேப்பெண்ணெயோடு அவர் நிற்கவில்லை. புகையிலைத் தண்ணீர் அடித்துப் பார்த்தார். உப்புத் தண்ணீரில் ஊறப்போட்டார். பெருங்காயம் கரைத்துத் தன் வீட்டு அலமாரிக்கு அடித்ததில், அவர் வீட்டுத் துணியெல்லாம் ரசம் மணக்க ஆரம்பித்தது. அவருடைய சம்சாரத்தை நான் அத்தை என்று கூப்பிடுவேன். அத்தை, "இவரு ஆபீசுக்குப் போனா எல்லாருக்கும் பசி எடுக்குதாம்" என்று குழாயடியில் சொன்னதை நினைத்தால் எனக்கு இன்னும் சிரிப்பு வருகிறது.

பிறகு முந்திரி எண்ணெய் வந்தது. முதுநகர்ப் பக்கம் மீன்பிடிக்கிறவர்கள் படகுக்கு முந்திரிக்கொட்டைத் தோலிலிருந்து எடுக்கிற எண்ணெயைப் பூசுவார்கள். கறுப்பாகக் கெட்டியாக இருக்கும். உப்புத் தண்ணீரில் கிடக்கிற படகையே அது காப்பாற்றுகிறது என்றால், கரையான் எம்மாத்திரம்? மாமா அண்ணாகிராமத்துப் பக்கம் போய் ஒரு டின் வாங்கி வந்தார். தன் வீட்டு வாசல் பெஞ்சுக்கு ஆசையாக அடித்தார். படகுக்காரர்கள் அதைக் காய்ச்சித்தான் பூசுவார்கள் என்பதை மட்டும் அவர் கேட்டுக்கொள்ளவில்லை. பச்சையாகவே அடித்துவிட்டார். முந்திரித் தோல் பால் பட்டால் தோல் என்ன ஆகும் என்று பண்ருட்டிப் பக்கத்துக் குழந்தைக்குக்கூடத் தெரியும்.

மறுநாள் ஸ்ரீமுஷ்ணத்திலிருந்து அத்தையின் தம்பி வந்தார். நல்ல கனத்த சரீரம். வெயிலில் வந்த களைப்பில் அந்த பெஞ்சில் உட்கார்ந்து, ஒரு சொம்பு மோர் குடித்து, ஒரு மணி நேரம் ஊர்க்கதை பேசினார். சாயங்காலம் அவரால் உட்கார முடியவில்லை. ராத்திரிச் சாப்பாட்டை நின்றுகொண்டே சாப்பிட்டார்.

"மச்சான், பெஞ்சிக்கு இன்னா அடிச்சீங்க?"

"கரையானுக்கு ஒரு மருந்து மச்சான். பாஷாணம் இல்ல, பயப்படாதீங்க. ரொம்ப சேஃப்."

"கரையானுக்கு சேஃப்பா, எனக்கு சேஃப்பா?"

ஒரு வாரம் அந்த மனிதர் குப்புறப் படுத்துக் கிடந்தார். கொப்புளம் ஆறின பிறகு பஸ்ஸில் நின்றுகொண்டே ஊருக்குப் போனார். மாமா பஸ் ஸ்டாண்டு வரைக்கும் போய் அவருக்காகச் சீட்டை மோந்து பார்த்து, "உக்காருங்க மச்சான், ஒண்ணுமில்ல" என்றாராம். "நீங்க பாத்த சீட்டுல நான் இந்த ஜென்மத்துல உக்கார மாட்டேன்" என்றாராம் அவர்.

இதையெல்லாம் அவர் ஒரு சின்ன நோட்டில் எழுதி வைத்துக்கொள்வார். என்ன சாமான், யார் வீடு, என்ன பூச்சு என்று கோடு போட்டுப் பிரித்திருப்பார். கடைசிக் கட்டத்துக்குத் தலைப்பு, கண்டுபிடித்த முறை. அதில் பக்கம் பக்கமாக மேலிருந்து கீழ் வரை ஒரே வார்த்தைதான். மூக்கு, மூக்கு, மூக்கு, மூக்கு. அத்தை அதை எடுத்து வந்து குழாயடியில் வாய்ப்பாடு மாதிரி படித்துக் காட்டுவார்.

என் தலைச்சன் பையன் பிறந்தது சிதம்பரத்தில், அம்மா வீட்டில். மழையும் வெள்ளமுமாகத் தள்ளிப் போய், ஆறாம் மாசம்தான் கடலூருக்குக் கூட்டி வந்தார்கள். பிறந்த வீட்டுச் சீராக அப்பா ஒரு மரத்தொட்டில் செய்யச் சொல்லியிருந்தார். அதுவரை எங்கள் சந்தில் எல்லாப் பிள்ளையும் சேலைத் தூளியில்தான் தூங்கியது. என் மாமியார் ஒரு மாசமாக ஏழு வீட்டுக்கும், "எங்க வூட்டுக்கு மரத்தொட்டில் வருது, கிளி வச்சது" என்று சொல்லி வைத்திருந்தார்.

தொட்டிலைச் செய்த ஆசாரியே அதைத் துண்டு துண்டாகக் கட்டி எடுத்துக்கொண்டு அப்பாவோடு வந்தார். எங்கள் சிதம்பரம் வீட்டுக்கு வழக்கமாக வருகிறவர்தான். வேலை செய்யும்போது மர ஆணிகளை உதட்டில் கடித்துக்கொள்வார். ஒவ்வொன்றாக வாயிலிருந்து எடுத்து அடித்துக்கொண்டே பேசுவார். அவர் பேசுவதில் பாதிதான் எங்களுக்குப் புரியும். சின்ன வயதில் நான், ஆசாரி ஆணியைத்தான் சாப்பிடுகிறார் என்று நினைத்திருந்தேன்.

என் பையனுக்கு அப்போது கீழே இரண்டு பல் முளைத்திருந்தது. ஈறு ஊறலில் கண்டதையெல்லாம் கடித்தான். என் தோளைக் கடித்தான், மாமியாரின் மூக்குத்தியைக் கடித்தான், கிலுகிலுப்பையைக் கடித்து நசுக்கினான். தொட்டில் தயாரானதும் அதன் பக்கச் சட்டத்தைப் பார்த்து என் இடுப்பிலிருந்தே வாயைத் திறந்துகொண்டு தாவினான்.

உறவுக்காரர்கள் இருபது பேர், சந்துக்காரர்கள் முப்பது பேர். நல்ல நேரம் முடிய அரை மணி இருந்தது. அப்போதுதான் மாமா வந்தார். செருப்பைக் கழற்றினார். கண்ணாடியைக் கழற்றினார். கையைப் பின்னால் கட்டிக் குனிந்தார்.

ஒரு இழுப்பு. நிமிரவில்லை. இன்னொரு இழுப்பு. தலைமாட்டுக்குப் போனார், கால்மாட்டுக்கு வந்தார், கிளியை மோந்தார். அவர் முகம் வெளுத்துக்கொண்டே வந்தது.

"ஒண்ணும் மணக்கலியே!" என்றார். பிறகு கத்தினார்: "கொழந்தயப் போடாதீங்க! ஒண்ணுமே மணக்கல!"

"அதனால இன்னா அண்ணே, போடலாமே" என்றார் என் மாமியார்.

"அய்யய்யோ, மணக்கலன்னா அதாம்மா பயமே! புது மரம், எதுவுமே பூசாம ஒரு ஆசாரி குடுப்பானா? பாஷாணமா இருந்தா? புள்ள கடிக்கிற வயசு! போடாதீங்க!"

பெரியவர்கள் முணுமுணுத்தார்கள். அப்பாவின் முகம் சிவந்தது. தான் கொண்டுவந்த சீரில் விஷம் என்று நாலு பேருக்கு நடுவில் ஒருவர் சொன்னால் யாருக்குத்தான் பொறுக்கும்? உறவில் ஒரு அத்தைக்காரி, "நேரம் போவுது, அவரு கெடக்காரு, நீ போடு" என்று என் கையிலிருந்து பையனை வாங்க வந்தாள். மாமா சுற்றுமுற்றும் பார்த்தார். தடுக்க ஆளில்லை. சடக்கென்று தொட்டிலுக்குள் ஏறி உட்கார்ந்துகொண்டார்.

ஐம்பது வயது மனிதர். ஒல்லிதான், ஆனாலும் தொட்டில். முழங்கால் இரண்டும் காதைத் தொட்டுக்கொண்டிருந்தன. தலைக்கு மேலே கிளி ஆடியது.

"இப்பப் போடுங்க பாக்கலாம்!"

என் மாமியாருக்குக் கோபம் வந்துவிட்டது. "அண்ணே, இன்னா வெளயாட்டு இது? தொட்டில் பூரா வேப்பெண்ணெ நாத்தம் கொடலப் புடுங்குது. தெருமுனை வரைக்கும் நாறுது. உங்களுக்கு மணக்கலியா?"

எல்லோரும் மூக்கை உறிஞ்சினார்கள். ஆமாம், ஒரே வேப்பெண்ணெய் நாற்றம். மாமா கண்ணை விரித்தார். வாயைத் திறந்தார். பதிலுக்குப் பெரிதாக ஒரு தும்மல் வந்தது. தொட்டில் ஒரு ஆட்டம் ஆடி நின்றது.

"இவருக்குச் சளிடீ!" என்று பின்னாலிருந்து அத்தை கூவினார். "மூணு நாளா மழைல நனஞ்சி மூக்கடச்சிக் கெடக்காரு. நேத்து ரசத்தக் குடிச்சிட்டு, காப்பிக்குச் சக்கர பத்தலன்னாரு!"

அதற்குப் பிறகு அங்கே சிரிக்காதவர்கள் இல்லை. மாமாவால் வெளியே வரவும் முடியவில்லை. இடுப்பு மாட்டிக்கொண்டது. என் வீட்டுக்காரர் ஒரு கையையும் அப்பா ஒரு கையையும் பிடித்து இழுத்து எடுத்தார்கள். ஒரு கிழவி, "ஆராரோ பாடுனா தானா எறங்குவாரு" என்றாள். மாமா யார் முகத்தையும் பார்க்காமல் போய்ச் சுவரோரம் உட்கார்ந்தார். மூக்கைத் துண்டால் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"போடும்மா, நேரமாச்சி" என்றார்கள்.

நான் பையனைத் தூக்கிக்கொண்டு இரண்டடி வைத்தேன். கூச்சப்படுகிற நாங்கள் யார் முகத்தையும் நேராகப் பார்க்க மாட்டோம். கையைத்தான் பார்ப்போம். எனக்கு அன்றைக்கு ஆசாரியின் கைதான் தெரிந்தது. எல்லோரும் சிரிக்கும்போது அந்தக் கை மட்டும் துண்டில் தன்னைத் துடைத்துக்கொண்டே இருந்தது. காலையில் வந்ததிலிருந்து அவர் மூன்று தடவை சோப்புக் கேட்டு வாங்கிக் கை கழுவியிருந்தார். நான்தான் எடுத்துக் கொடுத்தேன். மீதமிருந்த நாலைந்து மர ஆணிகள் அவர் காலடியில் ஒரு தட்டில் கிடந்தன. தட்டில்! காலையிலிருந்து ஒரு ஆணியையும் அவர் வாயில் வைக்கவில்லை. அன்றைக்கு அவர் பேசியது முழுசாகப் புரிந்தது. அது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

அந்த வீட்டுக்கு வந்து இரண்டு வருஷத்தில் நான் நாலு பேருக்குக் கேட்கிற மாதிரி ஒரு வார்த்தை பேசினதில்லை. பையன் சட்டத்தைப் பார்த்து மறுபடி வாயைத் திறந்தான்.

"ஆசாரிய அந்த ஆணிய வாயில வச்சிக்கச் சொல்லுங்க" என்றேன்.

"யாரு பேசுனது?" என்று என் மாமியார் சுற்றிலும் தேடினார். என்னைத் தவிர எல்லோரையும் பார்த்தார்.

"நாந்தான் அத்தே. எப்பவும் வாயிலதான் வச்சிருப்பாரு. இன்னிக்கு வைக்கல."

சுவரோரம் இருந்த மாமா எழுந்தே விட்டார். "ஆமா! வையி ஆசாரி! ஒரே ஒரு ஆணி! வச்சிட்டா நான் இந்த சந்த விட்டே போயிடுறேன்!"

"பல்லு வலிங்க" என்றார் ஆசாரி.

"ஒதட்டுல வையி."

"ஒதட்டுல புண்ணுங்க."

"அப்ப நாக்கால தொடு!"

ஆசாரி தட்டைப் பார்த்தார். என் பையனைப் பார்த்தார். அவன் அவரைப் பார்த்து இரண்டு பல்லையும் காட்டிச் சிரித்தான். ஆசாரி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

மரத்தில் உளு விழுந்திருக்கிறது. செய்து முடித்த பிறகுதான் பொடி உதிர்வதைப் பார்த்திருக்கிறார். சம்பந்தி வீட்டில் குழந்தை மேல் மரத்தூள் கொட்டினால் தன் பேர் கெட்டுவிடும் என்று பாஷாணத் தண்ணீரைச் சட்டத்துக்கும் ஆணிக்கும் பூசியிருக்கிறார். பக்கத்து வீட்டில் எல்லாவற்றையும் மோந்து பார்க்கிறவர் ஒருவர் இருக்கிறார் என்று நான் அம்மாவிடம் சிரித்துச் சிரித்துச் சொன்னது, அப்பா வழியாக ஆசாரிக்கும் போயிருந்தது. அதனால் மேலே இரண்டு கை வேப்பெண்ணெய்.

"அப்ப, என் மூக்குக்குப் பயந்தா பூசுன?" என்றார் மாமா.

"ஆமாங்க சாமி."

"எல்லாரும் கேட்டுக்குங்க!" என்று மாமா எல்லோர் பக்கமும் திரும்பினார். "மூக்குக்குப் பயந்திருக்கான்!" திரும்பவும் ஒரு தும்மல் வந்தது. இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. பிறகு அவருக்கு ஏதோ ஞாபகம் வந்தது. "யோவ், சிதம்பரத்துக் கட நோட்டுல மாசா மாசம் எலிக்குன்னு எழுதி வாங்குறது நீதானா? நானும் யோசிச்சேன், ஒரு வூட்டுக்கு அவ்வளவு எலியான்னு!"

போலீசு, கேசு என்று அப்பா குதித்தார். மாமா வேண்டாம் என்றார். பையிலிருந்து அந்தச் சின்ன நோட்டை எடுத்துப் பேனாவோடு ஆசாரியிடம் நீட்டினார்.

"எலிக்குன்னு எழுதினீல்ல? இப்ப நெசத்த எழுது. எதுக்கு வாங்குனே?"

ஆசாரி, குழந்தைத் தொட்டிலுக்கு என்று எழுத வந்து, "கு" வரைக்கும் எழுதினார். அதற்கு மேல் அவர் கை நகரவில்லை. அவர் கண்ணிலிருந்து தண்ணீர் நோட்டில் விழுந்தது. மாமா பேனாவை வாங்கிக்கொண்டார்.

"போதும். இனிமே ஒனக்குக் கடையில பாஷாணம் கேக்க நாக்கு வராது."

தொட்டிலை எரிக்கலாம் என்றார்கள். "பொகை வரும், ஊரே இருமும்" என்று மாமா விடவில்லை. சாக்கில் சுற்றி, சிவப்பு மசியால் விஷம் என்று எழுதி ஒட்டி, ரிக்‌ஷாவில் ஏற்றி ஆபீசுக்குக் கொண்டுபோனார். அது வெகுநாள் அங்கே ஒரு மூலையில் கிடந்ததாம். புதிதாக வருகிற பியூனிடமெல்லாம் அதைக் காட்டி, தான் உள்ளே உட்கார்ந்திருந்த பகுதியை மட்டும் விட்டுவிட்டு மிச்சக் கதையைச் சொல்வாராம்.

நல்ல நேரத்துக்குள் என் பையனைச் சேலைத் தூளியில்தான் போட்டோம். மாமா ஸ்டூல் மேல் ஏறி உத்தரத்தை மோந்து பார்த்தார், மூக்கு அடைத்திருந்தும்.

அன்று சாயங்காலம் அத்தை அந்த நோட்டைக் குழாயடிக்கு எடுத்து வந்தார். கண்டுபிடித்த முறை என்ற கட்டத்தில் வழக்கப்படி மூக்கு என்று எழுதி, பிறகு அதைக் குறுக்கே அடித்திருந்தது. பக்கத்தில், குண்டு குண்டான எழுத்தில்: மூன்றாம் வீட்டு மருமகள்.

நான் குடத்தை அப்படியே வைத்துவிட்டு உள்ளே ஓடிவிட்டேன்.

இரண்டு மாசம் கழித்து ஆசாரி வந்தார். பஸ் ஸ்டாண்டிலிருந்து எங்கள் சந்து வரைக்கும் தலையில் தொட்டில் கட்டு, வாய் நிறைய மர ஆணி. கேட்டவர்களுக்கெல்லாம் தலையை ஆட்டிக்கொண்டே வந்திருக்கிறார், பேச முடியாமல். இந்தத் தடவை பூவரசு. கால் நாலுக்கும் காய்ச்சின முந்திரி எண்ணெய், குழந்தை வாய் படுகிற சட்டத்துக்கு ஒன்றுமே இல்லை, வெறும் மரம். ஒவ்வொரு ஆணியாக வாயிலிருந்து எடுத்து அடித்தார்.

மாமா வந்தார். சளியெல்லாம் போய் மூக்கு நல்ல தெம்பாக இருந்தது. செருப்பு, கண்ணாடி, கை, குனிவு. சட்டத்தை ஒரு இழுப்பு இழுத்தார். நிமிரவில்லை. எனக்குத் தெரிந்துவிட்டது, ஒன்றும் மணக்கவில்லை. அவர் தலையை மட்டும் திருப்பி என்னைப் பார்த்தார்.

நான் ஆசாரியைப் பார்த்தேன். வாயில் இன்னும் இரண்டு ஆணி இருந்ததால் அவரால் பதில் சொல்ல முடியவில்லை. ஆணிகளைத் துப்பிக் கையில் பிடித்துக்கொண்டு, குனிந்து, அந்தச் சட்டத்தை நறுக்கென்று கடித்தார். கடித்த இடம் பள்ளமாகத் தெரிந்தது. பையன் அதைப் பார்த்துக் கொண்டாட்டமாகிவிட்டான். இடுப்பிலிருந்து தாவி, அதே இடத்துக்குப் பக்கத்தில் தன் இரண்டு பல்லால் ஒரு கடி கடித்தான்.

மாமா இரண்டு கடியையும் ஒன்றன்பின் ஒன்றாக மோந்து பார்த்தார். நிதானமாக நிமிர்ந்தார்.

"வெத்தல பாக்கு. கொழந்த எச்சி," என்றார். "நல்ல குடும்பம். போடும்மா."